மயில்துத்தம்: ஒரு வேதிப்பெயரின் பொருளெல்லையும் வழக்கும்

ஆய்வுச்சுருக்கம்

'மயில்துத்தம்' என்னும் சொல் கலைச்சொல் தொகுப்புகளிலும் பாடநூல்களிலும் 'காப்பர் சல்பேட்' என்பதற்கு நேரான தமிழ்ச்சொல்லாக வைக்கப்படுகிறது. இரண்டும் ஒரே பொருளைச் சுட்டும் இடங்கள் உண்டு; சுட்டாத இடங்களும் உண்டு. முன்னது கண்ணுக்குப் புலப்படும் நீலப் படிகத்தின் பெயர். பின்னது ஒரு சேர்மத்தின் இயைபைக் கூறும் பெயர். இவ்வேறுபாட்டைக் கருதாமல் இரண்டையும் ஒருபொருட்பன்மொழியாகக் கொள்வதால் கல்வி, வேளாண்மை, மருத்துவம் ஆகிய துறைகளில் எழும் சிக்கல்களை இக்கட்டுரை ஆராய்கிறது. தமிழக, இலங்கை வழக்குகள் ஒப்பிடப்பட்டு, இத்தகைய பெயர்களை அகராதியில் பதிவு செய்யவேண்டிய முறை முன்வைக்கப்படுகிறது.

திறவுச்சொற்கள்: மயில்துத்தம், துருசு, துத்தநாகம், காப்பர் சல்பேட், கலைச்சொல், பொருளெல்லை.

முன்னுரை

தமிழில் அறிவியல் கலைச்சொல்லாக்கம் பற்றிய விவாதம் ஒரு நூற்றாண்டுக்கும் மேலாக நடந்துவருகிறது. யாழ்ப்பாணத்தில் மருத்துவக் கல்வியைத் தமிழில் நடத்திய சாமுவேல் ஃபிஸ்க் கிறீன் காலத்தில் 'கெமிஸ்தம்' என்ற வேதியியல் நூல் 1875இல் வெளிவந்தது. 1916இல் சேலத்தில் இராஜாஜியும் வெங்கடசுப்பையரும் தமிழ்ச் சாஸ்திர பரிபாஷைச் சங்கத்தைத் தொடங்கினர். இம்முயற்சிகளைத் தொடர்ந்த விவாதங்கள் பெரும்பாலும் ஒரே வினாவைச் சுற்றியே அமைந்தன: பிறமொழிப் பெயரை ஒலிபெயர்ப்பதா, தமிழில் புதிதாக ஆக்குவதா? இதற்கு இடைப்பட்ட மூன்றாவது நிலை ஒன்று உண்டு. வேதியியல் தமிழுக்கு வருமுன்பே கடைத்தெருவிலும் மருத்துவரிடத்திலும் வழங்கிய பொருட்பெயர்களைப் புதிய அறிவியலின் சேர்மப்பெயர்களோடு எவ்வாறு பொருத்துவது என்பதே அது. படிகாரம், நவச்சாரம், வெடியுப்பு, அன்னபேதி, மயில்துத்தம் ஆகியவை இவ்வகையின. இவற்றுள் மயில்துத்தம் பல துறைகளில் இன்றும் உயிர்ப்போடு வழங்குவதால் ஆய்வுக்கு ஏற்ற சான்றாகிறது.

துத்தம் என்னும் வகைப்பெயர்

தமிழில் 'துத்தம்' பல பொருள் ஒரு சொல். ஏழிசையுள் குரலுக்கு அடுத்து நிற்பது துத்தம். மருந்துப்பொருளைக் குறிக்கும் துத்தம் அதனின் வேறானது. வடமொழித் 'துத்த' என்பதோடு தொடர்புடையது. அமரகோசம் துத்தாஞ்சனத்துக்குத் தரும் பெயர்களுள் 'மயூரகம்', மயிலின் கழுத்து எனப் பொருள்படும் 'சிகிகிரீவம்' ஆகியவையும் உள்ளன. ஆகவே நீலத் துத்தத்தை மயிலோடு ஒப்பிடும் மரபு தமிழுக்கு மட்டும் உரியதன்று. இந்திய மருத்துவ மரபுகளில் பரந்து காணப்படுவது.

மயில்துத்தம் என்ற தொடரில் 'துத்தம்' வகையையும் 'மயில்' அவ்வகைக்குள் ஓர் உறுப்பையும் குறிக்கின்றன. வெண்ணிறத் துத்தநாக உப்பு வெள்ளைத்துத்தம் என்றும், பச்சைநிற இரும்பு உப்பு பச்சைத்துத்தம் என்றும் வழங்குவதைக் காணும்போது இவ்வமைப்பு தெளிவாகிறது. ஐரோப்பாவில் 'விட்ரியால்' என்ற சொல்லும் இவ்வாறே இயங்கியது. கண்ணாடியைக் குறிக்கும் இலத்தீன் சொல்லிலிருந்து பிறந்த அது, கண்ணாடி போல் மிளிரும் படிகங்களுக்கு வகைப்பெயராகி, நீல விட்ரியால், பச்சை விட்ரியால், வெள்ளை விட்ரியால் எனக் கிளைத்தது. இரு மரபுகளும் ஒரே பார்வையில் பிறந்தவை: படிகத்தோற்றத்தால் ஓர் இனம், நிறத்தால் அதன் பிரிவுகள்.

சித்த மருத்துவ நூல்களில் இதே பொருளுக்குத் 'துருசு' என்ற பெயர் பெருவழக்கு. பெயர்கள் இரண்டாயினும் அவை செய்யும் வேலை ஒன்றே. இரண்டும் பொருளைச் சுட்டுகின்றன. அப்பொருள் எவற்றால் ஆனது என்பதை இரண்டும் கூறுவதில்லை. மயில்துத்தத்தில் செம்பு இருக்கிறது என்ற செய்தி அப்பெயரின் எந்தப் பகுதியிலும் இல்லை. செம்பைப் பற்றிய தமிழ் அறிவு ஆழமானது. செம்பில் படியும் களிம்பு சைவ சித்தாந்தத்தில் ஆணவ மலத்துக்கு உவமையாகும் அளவுக்கு எங்கும் அறியப்பட்டது. ஆயினும் அக்களிம்பையும் இந்நீலப் படிகத்தையும் ஒரே உலோகத்தின் வழித்தோன்றல்களாக இணைத்துக் காட்டும் பெயரமைப்பு பழைய வழக்கில் உருவாகவில்லை. அது பொருட்பெயரின் குறையன்று, அதன் இயல்பு.

துத்தமும் துத்தநாகமும்

பெயர் இயைபைக் கூறாதபோது, படிப்பவர் பெயரின் ஒலியிலிருந்தே இயைபை ஊகிக்க முற்படுவர். 'துத்தநாகம்' என்ற சொல்லை அறிந்த மாணவர் மயில்துத்தத்தைத் துத்தநாகத்தின் சேர்மமாகக் கருதுவதற்கு எல்லா நியாயமும் உண்டு. வெள்ளைத்துத்தம் உண்மையிலேயே துத்தநாகத்தின் சல்பேட்டாக இருப்பது இவ்வூகத்துக்கு மேலும் வலுச் சேர்க்கிறது. உண்மையில் மயில்துத்தத்தில் உள்ள உலோகம் செம்பு.

இம்மயக்கம் தமிழில் மட்டும் நிகழ்ந்ததன்று. பாரசீக, அரபு மரபுகளில் 'தூத்தியா' என்பது முதன்மையாகத் துத்தநாகத்தின் ஆக்சைடைக் குறித்தது. இந்தி, உருது வழக்கில் அதே சொல் நீல அடையோடு சேர்ந்து செம்பின் சல்பேட்டைக் குறிக்கிறது. ஐரோப்பிய வணிகர்கள் கீழை நாடுகளிலிருந்து கொண்டுசென்ற துத்தநாகத்தை 'டூட்டெனாக்' என்றனர். சீனாவின் வெண்ணிற உலோகக் கலவைக்கும் அதே பெயர் சில வேளைகளில் வழங்கியது. வணிகத்தோடு பயணம் செய்யும் பெயர் பொருளை மாற்றிக்கொள்வது இயல்பு.

'நாகம்' என்ற கூறு இதனினும் இடர் மிக்கது. சித்த மருத்துவத்தில் நாகம் என்பது துத்தநாகம். ஆயுர்வேதத்தில் 'நாக' என்பது காரீயம். துத்தநாகத்துக்கு அங்கே 'யசத' என்ற வேறு பெயர் உண்டு. எனவே சித்த மருத்துவத்தின் நாக பற்பமும் ஆயுர்வேதத்தின் நாக பஸ்மமும் பெயரளவில் ஒன்றுபோல் தோன்றினும் உலோகத்தால் வேறானவை. இரு மரபு நூல்களையும் பெயரொற்றுமை ஒன்றையே கொண்டு ஒப்பிடும் ஆய்வு, துத்தநாகத்தைப் பற்றிய கூற்றைக் காரீயத்தின்மேல் ஏற்றிவிடும். காரீயம் நச்சுலோகம் என்பதை நினைந்தால் இப்பிழையின் விளைவு சொல்லாராய்ச்சியோடு நிற்பதில்லை என்பது விளங்கும்.

நிறத்தால் பெயரிடுதலும் இயைபால் பெயரிடுதலும்

வேதியியல் தன் பெயரிடு முறையை மாற்றிக்கொண்ட ஆண்டு 1787. கீட்டோன் தெ மோர்வோ, லவாசியே, பெர்த்தொலே, ஃபூர்க்குருவா ஆகிய நால்வரும் பிரெஞ்சு மொழியில் வெளியிட்ட வேதிப்பெயரிடு முறை, நிறம், ஊர், கண்டறிந்தவர் ஆகியவற்றால் அமைந்த பழம்பெயர்களை விலக்கி, சேர்மத்தின் கூறுகளே பெயராக அமையவேண்டும் என்ற நெறியை நிறுவியது. செம்பின் விட்ரியால் செம்பின் சல்பேட் ஆயிற்று. அமிலத்தில் ஆக்சிஜன் மிகுந்திருந்தால் அதன் உப்புக்கு 'ஏட்' என்ற ஈறும், குறைந்திருந்தால் 'ஐட்' என்ற ஈறும் வகுக்கப்பட்டன.

இம்மாற்றத்தின் பயன் பெயரைக் கேட்ட அளவிலேயே பொருளின் இயல்பை ஓரளவு முன்னறியலாம் என்பது. காப்பர் சல்பேட், ஜிங்க் சல்பேட், இரும்பு சல்பேட் என்ற வரிசையில் மூன்றுக்கும் பொதுவானது எது, வேறானது எது என்பது பெயரிலேயே தெரிகிறது. மயில்துத்தம், வெள்ளைத்துத்தம், அன்னபேதி என்ற வரிசையில் அது தெரிவதில்லை. ஆயினும் ஐரோப்பிய மொழிகளில் விட்ரியால் என்ற சொல் உடனே மறைந்துவிடவில்லை. கடைப்பெயராகவும் பழம்பெயராகவும் நீடித்தது. அகராதிகள் அதற்கு வழக்குக் குறிப்பிட்டுப் பொருள் தந்தன. தமிழில் நிகழ்ந்தது வேறு. இயைபுப்பெயர் வந்தபோது அதற்குத் தமிழ் நிகர் தேடப்பட்டது. ஆயத்தமாகக் கிடைத்த பொருட்பெயர் அவ்விடத்தில் வைக்கப்பட்டது. இரு வேறு வேலைகளுக்குரிய பெயர்கள் இவ்வாறு ஒரே வரியில் இணைக்கப்பட்டன.

மயில் மறையும் இடம்

இவ்விணைப்பு முறிவதைப் பள்ளி ஆய்வகத்திலேயே காணலாம். நீலப் படிகத்தில் ஒவ்வொரு காப்பர் சல்பேட் அலகோடும் ஐந்து நீர் மூலக்கூறுகள் உள்ளன. சோதனைக்குழாயில் இட்டுச் சூடாக்கினால் அந்நீர் படிப்படியாக நீங்குகிறது. ஏறத்தாழ 200 பாகை செல்சியசில் கடைசி நீர் மூலக்கூறும் வெளியேற, எஞ்சுவது வெண்ணிறத் தூள். அதன்மேல் ஒரு துளி நீர் விட்டால் நீலம் மீள்கிறது.

அவ்வெண்ணிறத் தூளின் பெயர் என்ன? காப்பர் சல்பேட் என்ற பெயர் அதற்கு முழுமையாகப் பொருந்தும். 'நீரற்ற' என்ற அடை சேர்த்தால் போதும். மயில்துத்தம் என்ற பெயரோ அதற்குப் பொருந்தாது. மயிலின் நிறம் அங்கே இல்லை. 'நீரற்ற மயில்துத்தம்' என்று எழுதினால் நிறத்தைக் குறிக்கும் பெயரை நிறமற்ற பொருளுக்கு இடும் முரண் தோன்றும். மயில்துத்தம் என்பது ஐந்து நீர் மூலக்கூறுகளைக் கொண்ட நீலப் படிகத்துக்கு மட்டுமே உரிய பெயர் என்ற முடிவு இதனால் பெறப்படுகிறது. அதன் பொருளெல்லை காப்பர் சல்பேட்டின் எல்லையைவிடக் குறுகியது. குறுகியதனாலேயே ஓரிடத்தில் அதனினும் துல்லியமானது.

இவ்வெல்லையை மறப்பது அளவில் பிழையாக முடியும். நீரற்ற சேர்மத்தின் மூலக்கூறு நிறை ஏறத்தாழ 159.6, நீலப் படிகத்தினது 249.7. படிகத்தின் எடையில் 36 விழுக்காடு நீர். ஒரு லிட்டரில் 0.1 மோலார் கரைசல் ஆக்க நீரற்ற தூள் 15.96 கிராம் போதும்; படிகமாயின் 24.97 கிராம் வேண்டும். எடைக்கு எடை செம்பின் பங்கு முன்னதில் ஏறத்தாழ 40 விழுக்காடு, பின்னதில் 25 விழுக்காட்டுக்குச் சற்று மேல். இரண்டையும் 'மயில்துத்தம்' என்றோ, அடையின்றிக் 'காப்பர் சல்பேட்' என்றோ எழுதும் செய்முறைக் குறிப்பு மாணவரைத் தவறான எடைக்கு இட்டுச்செல்லும். அவர் கணக்கில் தவறவில்லை; பெயரே அவரைத் தவறச் செய்தது.

சல்பேட், சல்பைட், சல்பைடு: இரு தமிழ் வழக்குகள்

மயில்துத்தத்தை விலக்கி ஒலிபெயர்ப்பையே கொள்ளலாம் என்ற கருத்தும் ஆராயத்தக்கது. இயைபுப்பெயரின் வலிமை ஈறுகளில் உள்ளது. அவ்வீறுகளைத் தமிழ் எழுத்து வேறுபடுத்திக் காட்டவேண்டும். தமிழக வழக்கில் சல்பேட், சல்பைட், சல்பைடு என மூன்றும் எழுதப்படுகின்றன. இவற்றுள் முதலாவது எளிதில் பிரிந்து நிற்கிறது. ஏனைய இரண்டையும் பிரிப்பது ஈற்று உகரம் ஒன்றே. அயற்சொல்லின் ஈற்றில் உகரம் சேர்ப்பது தமிழின் இயல்பாதலால், எழுதுவோர் 'சல்பைட்' என்பதைச் 'சல்பைடு' என்று எழுதிவிடுவது எளிது. அவ்வாறு எழுதினால் ஆக்சிஜன் உள்ள சேர்மம் ஆக்சிஜன் இல்லாத சேர்மமாகிவிடும். டகரம் ஒன்றே இரு அயலொலிகளுக்கும் நிற்பதால் வந்த இடர் இது.

இலங்கைத் தமிழ் வழக்கு இதற்கு வேறு தீர்வு கண்டது. அங்கே சல்பேற்று, சல்பைற்று, சல்பைட்டு என மூன்றும் எழுதப்படுகின்றன. காபனேற்று, நைத்திரேற்று, நைத்திரைற்று ஆகியவற்றில் றகர இரட்டையும், ஒட்சைட்டு என்பதில் டகர இரட்டையும் வருதல் காணலாம். றகர இரட்டையை நுனிநா அண்ணத்தை ஒற்ற ஒலிக்கும் யாழ்ப்பாணப் பேச்சு மரபே இத்தீர்வுக்கு அடிப்படை. அயற்சொல்லை அப்படியே ஏற்காமல் தமிழின் எழுத்து வேறுபாடு ஒன்றை வேதியியல் வேறுபாட்டுக்குக் கருவியாக்கிய இம்முறை, ஈற்று உகரத்தை மட்டும் நம்பும் முறையைவிட உறுதியானது. செப்புச்சல்பேற்று என்ற பெயரில் உலோகம் தமிழ்ச்சொல்லாகவும் அமிலக்கூறு தமிழ் எழுத்தமைதிக்கு உட்பட்ட ஒலிபெயர்ப்பாகவும் அமைந்துள்ளன. தமிழகத்திலோ செம்பு, தாமிரம், காப்பர் ஆகிய மூன்றும் நூலுக்கு நூல் மாறி வருகின்றன.

இலங்கை வழக்கைத் தமிழகத்தில் அப்படியே கொள்வது எளிதன்று; தமிழகப் பேச்சில் றகர இரட்டையின் ஒலிப்பு வேறு. எனினும் மூன்று ஈறுகளையும் எழுத்தில் ஐயமற வேறுபடுத்தவேண்டும் என்ற நெறி இரு நிலங்களுக்கும் பொது. ஒலிபெயர்ப்பு தன்னளவிலேயே துல்லியம் தந்துவிடாது. ஒலிபெயர்ப்புக்கும் இலக்கணம் வேண்டும்.

வயலில் பெயரின் பயன்

மயில்துத்தம் என்ற சொல் மிகுதியாக வழங்குமிடம் வேளாண்மை. பிரான்சின் போர்தோ பகுதித் திராட்சைத் தோட்டங்களில் 1880களில் மில்யார்தே ஆராய்ந்து பரப்பிய பூசணக்கொல்லி, தமிழில் போர்டோ கலவை எனப்படுகிறது. ஒரு விழுக்காட்டுக் கலவைக்கு 1 கிலோ மயில்துத்தமும் 1 கிலோ சுண்ணாம்பும் 100 லிட்டர் நீரும் வேண்டும். கலவையை இரும்புக் கலத்தில் ஆக்கக்கூடாது என்பது முதல் எச்சரிக்கை. ஆக்கிய கலவையில் பளபளப்பான கத்தியை நனைத்துப் பார்த்து, அதில் செம்பழுப்புப் படிவு தோன்றினால் மேலும் சுண்ணாம்பு சேர்க்கவேண்டும் என்பது அடுத்த குறிப்பு.

இவ்விரு குறிப்புகளின் காரணம் ஒன்றே: கரைசலில் உள்ள செம்பை இரும்பு இடம்பெயர்த்து வெளியே படியச் செய்கிறது. மயில்துத்தம் என்ற பெயரை மட்டும் அறிந்தவருக்குக் கத்தியில் தோன்றும் செந்நிறம் விளங்காத நிகழ்ச்சி. நீலப்பொருளிலிருந்து சிவப்பு வருவதேன் என்று அவர் வியப்பார். காப்பர் சல்பேட் என்ற பெயரையும் அறிந்தவருக்கு அதே செந்நிறம் விடையாகிறது. மறுபுறம், கடையில் நின்று கேட்டு வாங்கவும், நீலப் படிகத்தைப் பார்த்துச் சரிபார்க்கவும் மயில்துத்தம் என்ற பெயரே உதவுகிறது. செம்பைக் கொண்ட வேறு பூசணக்கொல்லிகளும் விற்பனையில் இருப்பதால், 'காப்பர்' என்று சுருக்கிக் கேட்பது போதாது. முதற்பெயர் பொருளை அடையாளம் காட்டுகிறது. இரண்டாம் பெயர் அதன் செயலுக்குக் காரணம் காட்டுகிறது. உழவருக்கு இரண்டும் வேண்டும்.

அதே உரக்கடையில் துத்தநாக சல்பேட்டும் விற்கப்படுகிறது. அது பூசணக்கொல்லியன்று, நெல் முதலிய பயிர்களின் துத்தநாகக் குறையைப் போக்கும் நுண்ணூட்டம். பெயர்களில் 'துத்தம்' பொதுவாக இருப்பினும் பயனும் அளவும் வேறு. இங்கும் நீரின் வினா மீள்கிறது. ஏழு நீர் மூலக்கூறுகள் கொண்ட உரத்தில் துத்தநாகம் 21 விழுக்காடு. ஒரு நீர் மூலக்கூறு கொண்டதில் 33 விழுக்காடு. இரண்டையும் ஒரே பெயரால் குறிக்கும் பரிந்துரை ஒரே எடையில் இருவேறு அளவு ஊட்டத்தைத் தரும்.

அகராதிப் பதிவின் நெறி

இருமொழிக் கலைச்சொல் தொகுப்புகள் பெரும்பாலும் ஒரு சொல்லுக்கு எதிரே ஒரு சொல்லை நிறுத்துகின்றன. இம்முறை இயைபுப்பெயருக்கு எதிரே இயைபுப்பெயரை வைக்கும்போது பொருந்தும். பொருட்பெயரை அவ்வாறு வைக்கும்போது எல்லை அழிகிறது. மயில்துத்தம் போன்ற சொல்லுக்கு நான்கு செய்திகள் இன்றியமையாதவை: அது சுட்டும் பொருளின் முழு இயைபும் நீரளவும், அது வழங்கும் துறை, துருசு போன்ற மாற்றுப்பெயர்கள், துத்தநாகம் போன்று மயக்கம் தரும் சொற்களிலிருந்து வேறுபாடு. உட்கொண்டால் நஞ்சாகும் பொருள் என்ற குறிப்பும் உடன் இடம்பெறல் வேண்டும். துருசைச் சுத்தி செய்யாமல் கையாளக்கூடாது என்பது சித்த மருத்துவத்தின் நெறி. பழைய ஏட்டில் உள்ள 'துருசு' என்ற சொல்லுக்கு நேராகத் தூய காப்பர் சல்பேட் என்று உரை வரைவதும் ஏற்புடையதன்று. செம்பு, இரும்பு ஆகியவற்றின் துத்தங்கள் கலந்து படிகமாகும் இயல்புடையவை. பழம்பெயரில் தூய்மையின் அளவு அடங்கவில்லை.

எழுத்துவடிவமும் கருதத்தக்கது. புணர்ச்சி விதிப்படி மயில், துத்தம் இரண்டும் சேர 'மயிற்றுத்தம்' என்றாகும். 'பால்' சேரின் 'பாற்றுத்தம்'. இலக்கணத்துக்கு இவை பொருந்தினும், வகைப்பெயராகிய துத்தம் இவற்றில் மறைந்துவிடுகிறது. துத்தம் என்று தேடுவோருக்கு இவை அகப்படா. கலைச்சொல்லில் உறுப்புகள் வெளிப்பட நிற்றல் பயனுடையதாதலால், 'மயில்துத்தம்' என்ற இன்றைய வழக்கே தலைச்சொல்லாகவும் புணர்ந்த வடிவம் மாற்றுவடிவமாகவும் அமைதல் தகும்.

முடிவுரை

மயில்துத்தம் காப்பர் சல்பேட்டின் மொழிபெயர்ப்பன்று. அது தன் வரலாறும் எல்லையும் உடைய தனிப்பெயர். நீலப் படிகத்தை அது ஐயமறச் சுட்டும். அதன் உலோகத்தையோ அமிலக்கூறையோ கூறாது. இயைபுப்பெயர் அவற்றைக் கூறும். நீரளவைச் சேர்த்து எழுதாவிடில் முழுமை பெறாது. ஒன்றை மற்றதன் இடத்தில் வைப்பதால் மாணவரின் எடையளவும் உழவரின் தெளிவும் மருத்துவ நூலாய்வாளரின் ஒப்பீடும் பிழைபடுகின்றன. தமிழ்ப்பற்றின் பெயரால் பொருட்பெயரை இயைபுப்பெயராக்குவதும், அறிவியலின் பெயரால் பொருட்பெயரைக் கைவிடுவதும் ஒரே தவற்றின் இரு வடிவங்கள். பாடநூலில் 'மயில்துத்தம்' முதன்முறை வரும் இடத்திலேயே அது ஐந்து நீர் மூலக்கூறுகள் கொண்ட காப்பர் சல்பேட் என்றும், அதில் துத்தநாகம் இல்லை என்றும் இரண்டு வரிகள் எழுதப்படுமாயின், இங்கு எடுத்துக்காட்டிய மயக்கங்களுள் பெரும்பாலானவை தொடக்கத்திலேயே நீங்கும்.